கரவான் கூவிய இரவு

1935-இல் எகிப்தில் தலத் ஹர்ப் ஸ்டுடியோ மிஸ்ர் என்ற படப்பிடிப்பு நிலையத்தைத் தொடங்கிய கதையைச் சென்ற வாரம் பார்த்தோம். இந்த வாரம் நேராக 1959-க்கு வருவோம். ஹென்றி பரகாத் இயக்கிய 'துஆ அல் கரவான்' (கரவானின் பிரார்த்தனை) படம் வெளிவந்த ஆண்டு அது.

மூலக்கதை, தாஹா ஹுசைன் 1934-இல் எழுதிய நாவல். பிஞ்சு வயதிலேயே பார்வையை இழந்தவர் அவர். அவர் கதையில் ஒரு பறவையின் குரல் இத்தனை கனமாக விழுவதில் வியப்பில்லை. கரவானைப் பாடும் பறவை என்று நினைத்துவிடாதீர்கள். நம் ஊர்ப் பொட்டல்களில் இருட்டிய பிறகு கத்துமே கண்கிலேடி, அதன் நெருங்கிய உறவு. 'ஆட்சி உனக்கே' என்று அது இறைவனைத் துதிப்பதாக எகிப்தியர்கள் சொல்வார்கள்.

மேல் எகிப்தின் ஒரு கிராமம். பெண்பித்தால் தகப்பன் கொலையுண்டு போக, குடும்பத்துக்கு வந்த அவமானத்துக்காகத் தாயையும் இரண்டு மகள்களையும் தாய்மாமனே ஊரைவிட்டு விரட்டுகிறான். பெண்கள் பட்டணத்தில் வீட்டு வேலைக்குச் சேர்கிறார்கள். மூத்தவள் ஹனாதியை, அவள் வேலை பார்க்கும் வீட்டுப் பொறியாளன் ஆசை காட்டிக் கெடுத்துவிடுகிறான். மறுபடி மாமன் வருகிறான். ஊருக்குக் கூட்டிப் போகிறேன் என்கிறான். வழியில் ஆளரவமற்ற வெளி; இரவு. அம்மாவும் தங்கையும் பார்த்திருக்க, ஹனாதியைக் கத்தியால் குத்திக் கொல்கிறான். எங்கோ கரவான் கூவுகிறது.

பொறியாளன் செய்தது துரோகம்தான். ஆனால் சீர் சுமந்து வர வேண்டிய கை கத்தியோடு வந்ததே, அதைவிடப் பெரிய துரோகம் எனக்கு இந்தப் படத்தில் தெரியவில்லை.

தங்கை ஆம்னா பழிவாங்க அதே வீட்டுக்கு வேலைக்காரியாகப் போகிறாள். அவளாக ஃபாத்தின் ஹமாமா. பொறியாளனாக, குதிரைப்படை அதிகாரியாக இருந்து நடிக்க வந்த அஹ்மத் மஸ்ஹர். முதலில் பகையை மறைக்க வேண்டிய முகம் அவளுடையது. போகப் போகக் காதலையும் மறைக்க வேண்டியதாகிறது. அவனும் மாறுகிறான். அக்காளின் ரத்தம் நடுவில் கிடக்க, இவள் எப்படி அவனை ஏற்பாள்?

நாவலில் அவன் சாவதில்லை. படத்திலோ, ஆம்னாவைக் குறிவைத்து மாமன் துப்பாக்கியோடு வருகிறான். குறுக்கே பாய்ந்து குண்டை வாங்கிச் சாகிறான் பொறியாளன். தவறு செய்தவன் தண்டனை பெற வேண்டும் என்ற அந்தக் காலத்துத் திரை நியாயம் இது. எனக்கு நாவலின் முடிவே உறுத்தலாகவும் உண்மையாகவும் படுகிறது.

படத்தில் அவன் செத்த பிறகு ஒரு குரல் கேட்கிறது. நடிகர் குரல் அல்ல. எழுபது வயதை நெருங்கியிருந்த தாஹா ஹுசைனே, அந்த வெட்டவெளியையும் அந்தப் பறவையையும் நினைத்துப் பேசுகிறார்.