கரிசல் நிலமும் 1965ஆம் ஆண்டு மாணவர் கிளர்ச்சியும்

1965ஆம் ஆண்டு இந்தி எதிர்ப்புக் கிளர்ச்சியைப் பற்றி எழுதுவோர், மாணவர் அனைவரும் ஒரே மனத்தினர் என்பதுபோல் எழுதிச் செல்வர். அஃது எத்துணைப் பொருந்தும் என்பதைக் கோவில்பட்டி சூழ்ந்த கரிசல் நிலங்கொண்டு ஆராய்வோம்.

கரிசல், வானம் பார்த்த பூமி. மழை பொய்ப்பின் பருத்தியும் இல்லை, கம்பும் இல்லை. இந்நிலத்து உழவர் மக்களுக்குக் கல்வியே பிழைக்கும் வழியாயிற்று. முதலமைச்சர் காமராசரின் பகலுணவுத் திட்டம் 1956இல் எட்டயபுரத்தில் தொடக்கம் பெற்றது. அன்று ஒன்பது அகவையினனாய் இருந்த சிறுவன் 1965இல் கல்லூரி மாணவன். கோவில்பட்டியில் அப்போது கல்லூரி இல்லை, கோ. வெங்கடசாமி நாயுடு கல்லூரி 1966இலேயே தோன்றிற்று. ஆதலின் அவன் பாளையங்கோட்டை, தூத்துக்குடி, விருதுநகர் முதலிய ஊர்களுக்குச் சென்று பயில வேண்டியிருந்தது.

1965 சனவரி 26 முதல் இந்தி தலைமை ஆட்சிமொழியாகவிருந்தது. 1963ஆம் ஆண்டுச் சட்டம் ஆங்கிலம் தொடர இடமளித்ததேயன்றி, தொடர்ந்தே ஆக வேண்டும் என்று விதிக்கவில்லை. நடுவணரசுப் பணிக்குரிய வாயில் அடைபடுமோ என்னும் அச்சம் தாய்மொழிப் பற்றோடு சேர்ந்தது. ஆனால் எதிர்க்கப்பட்ட ஆட்சியோ, தன் சிற்றூரில் பள்ளி திறந்த கட்சியின் ஆட்சி. கரிசல் மாணவன் எதிர்ப்பட்ட இடர்ப்பாடு இதுவே.

சனவரி 25இல் மதுரையில் மூண்ட கலவரம் எங்கும் பரவிற்று. 27இல் அண்ணாமலைப் பல்கலைக்கழக மாணவர் இராசேந்திரன் துப்பாக்கிச் சூட்டுக்கு இரையானார். பிப்ரவரி 11இல் தலைமையமைச்சர் சாத்திரியார் வானொலியில் உறுதிமொழி அளித்தார். மறுநாள் மாணவர் குழு கிளர்ச்சியை ஒத்திவைத்தது. எனினும் ஆங்காங்கே அது தொடர்ந்தது. மார்ச்சு 14இல்தான் முற்றும் கைவிடப்பட்டது. உறுதிமொழியை நம்பினோரும் நம்பாதோரும் மாணவருள் இருந்தனர் என்பதற்கு இவ்விடைக்காலமே சான்று.

1967ஆம் ஆண்டுத் தேர்தலில், விருதுநகரில் மாணவர் தலைவர் பெ. சீனிவாசன் 1,285 வாக்கு மிகுதியால் காமராசரை வென்றார். இதனைக் காட்டி, படிக்க வைத்தவரை மாணவரே வீழ்த்தினர் என்பாருளர். அது பொருந்தாது. அன்று வாக்குரிமைக்கு 21 அகவை நிரம்ப வேண்டும். பகலுணவு உண்டு வளர்ந்தோருள் பெரும்பாலோர்க்கு அவ்வகவை நிரம்பவில்லை. வாக்களித்தோர் அவர்தம் பெற்றோரும் உற்றாருமே. 643 பேர் மாற்றி வாக்களித்திருப்பின் முடிவே மாறியிருக்கும். ஆகவே, பிளவு கல்லூரியளவில் நின்றதன்று. வீடுதோறும் இருந்தது எனக் கொள்ளலாம்.

நன்றி மறந்தோர் என்று ஒரு தலைமுறையைப் பழித்தலும், ஒருமுகமாய் எழுந்த வீரர் என்று புகழ்தலும் இச்சான்றுகளுக்கு ஒவ்வா. நன்றியும் மொழிப்பற்றும் ஒருவன் உள்ளத்திலேயே பொருதன என்று கோடலே பொருத்தமாம்.