எழுந்து போனவரின் இருக்கை

அறந்தாங்கியிலிருந்து மீமிசல் போகும் சாலையில் சுமார் 14 கிலோமீட்டர் போனால் ஆவுடையார்கோயில் வரும். மாணிக்கவாசகர் காலத்துப் பெயர் திருப்பெருந்துறை. சிவலிங்கத்தில் மேலே நிற்கும் பகுதிக்குப் பாணம் என்று பெயர். அதைத் தாங்கும் பீடத்துக்கு ஆவுடையார். இந்தக் கோயிலின் கருவறையில் ஆவுடையார் மட்டும் இருக்கிறது. பாணம் கிடையாது. உடைந்தும் போகவில்லை, களவும் போகவில்லை. வைக்கவே இல்லை என்பதுதான் கோயில் மரபு. அந்தப் பீடத்தின் பெயரே பிறகு ஊருக்கும் பெயராகிவிட்டது.

ஃபேன்டஸி படிக்கிறவர்களுக்கு மாயச் சின்னம் எப்படி இருக்கும் என்று நன்றாகத் தெரியும். ஹாரி பாட்டரில் ஒரு முக்கோணம், உள்ளே ஒரு வட்டம், நடுவில் ஒரு கோடு. அங்கி, கல், மந்திரக்கோல். ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு பொருள், எல்லாப் பொருளுக்கும் சேர்த்து மூன்று சகோதரர்களின் கதை. யார் வேண்டுமானாலும் நோட்டுப் புத்தக ஓரத்தில் வரைந்துவிடலாம். ஆவுடையார்கோயில் சின்னத்தை அப்படி வரைய முடியாது, முக்கியமான பகுதியே அதில் இல்லை. ஆனால் கதைக்கு மட்டும் பஞ்சமே இல்லை.

இல்லாதவற்றின் பட்டியல் அதோடு நிற்கவில்லை. சிவன் கோயிலுக்குள் நுழைந்ததும் கண் தேடும் நந்தி இங்கே இல்லை. கொடிமரம் இல்லை, பலிபீடம் இல்லை. சுவாமி பெயர் ஆத்மநாதர், தெற்குப் பார்த்த சன்னதி. அம்மன் யோகாம்பாளுக்கும் உருவம் கிடையாது. பாதங்கள் மட்டும்தான், அதையும் கல் பலகணி வழியாகத்தான் பார்க்க வேண்டும்.

நைவேத்தியம் இன்னும் விசேஷம். வடித்த புழுங்கலரிசிச் சோற்றைச் சுடச்சுடப் படைகல்லில் கொட்டிப் பரப்புகிறார்கள். கூடவே கீரையும் பாகற்காயும். கல்லிலிருந்து ஆவி எழும்புகிறதே, அதுதான் சுவாமிக்கு. உருவம் இல்லாதவருக்கு உருவம் இல்லாத சாப்பாடு.

உ.வே.சா. இங்கே வந்து தங்கியிருக்கிறார். 1871 முதல் 1876 வரை அவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்ட காலம். கோயில் திருவாவடுதுறை ஆதீனத்தின் நிர்வாகத்தில் இருந்தது. பிள்ளையவர்கள் திருப்பெருந்துறைக்குப் புராணம் பாடினார், சீடரும் கூட வந்தார். இளைஞர் உ.வே.சா.வுக்குப் புழுங்கலரிசிச் சோறும் பாகற்காயும் ஒத்துக்கொள்ளவில்லை. 'என் சரித்திர'த்தில் அதையும் ஒளிக்காமல் எழுதி வைத்திருக்கிறார். ஆவியோடு நிறுத்திக்கொண்ட ஆத்மநாதர் புத்திசாலி என்று எனக்குத் தோன்றும்.

சரி, பீடம் ஏன் காலி? தத்துவத்தின் பதில் சுலபமானது: இறைவன் அருவம், ஆன்மாவுக்கு நாதன், அதனால் பாணம் தேவையில்லை. சைவ சித்தாந்தப் பேச்சில் இதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு வந்துவிடலாம். எனக்கு அது போதவில்லை. ஊரின் கதை வேறொன்றைச் சொல்கிறது.

அந்தக் கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். அரிமர்த்தன பாண்டியனின் அமைச்சர் குதிரை வாங்கப் பொன்னோடு கிளம்புகிறார். பெருந்துறையில் குருந்த மரத்தடியில் ஒரு குரு உட்கார்ந்திருக்கிறார். அமைச்சர் அங்கேயே விழுந்தவர், பொன்னைக் கோயிலுக்குச் செலவழித்துவிடுகிறார். நரி பரியானதும் பரி நரியானதும் வைகை பெருகியதும் பிட்டுக்கு மண் சுமந்ததும் பிறகு மதுரையில் நடப்பவை.

ஆனால் பெருந்துறையில் நடந்த அடுத்த சங்கதியை நாம் அவ்வளவாகச் சொல்வதில்லை. குரு ஒருநாள் எழுந்து போய்விடுகிறார். மற்ற அடியார்கள் அவரோடு கலந்துவிட, மாணிக்கவாசகர் மட்டும் பின்னால் நிறுத்தப்படுகிறார். திருவாசகத்தின் பெரும்பகுதியை இயக்குவது இந்தத் தவிப்புதான். எங்கும் நிறைந்த அருவத்தைப் பாடும் குரல் அல்ல அது. இதே இடத்தில் கண்ணால் பார்த்த ஒருவரை இழந்தவரின் குரல். அப்படிப் படித்தால் அந்தப் பீடத்தின் அர்த்தமே மாறிவிடுகிறது. யாரும் உட்காராத பீடம் இல்லை அது. ஒருத்தர் உட்கார்ந்திருந்து எழுந்துபோன இடம். தல விருட்சம் இன்றைக்கும் குருந்தம்தான்.

மரம், காலி இருக்கை, பாதம். இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்ததும் பௌத்தக் கலை தெரிந்தவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். சாஞ்சியிலும் பார்குத்திலும் புத்தரை மனித உருவில் செதுக்காத காலத்துச் சிற்பங்களில் அவரைக் காட்டும் அடையாளங்களும் இவையே: போதி மரம், ஆளில்லாத ஆசனம், பாதச்சுவடு. "அப்போ இது பழைய புத்தர் கோயில்தானே?" என்று உடனே ஒரு கேள்வி வரும். போதாக்குறைக்கு, ஈழத்திலிருந்து வந்த பௌத்தர்களை மாணிக்கவாசகர் தில்லையில் வாதில் வென்றதாகப் புராணமும் இருக்கிறது. துப்பறியும் கதைக்கு எல்லாம் தயார்.

நான் அந்த முடிவுக்குப் போகமாட்டேன். ஒற்றுமை மட்டுமே சான்றாகிவிடாது. குருவின் திருவடியைத் தலைமேல் வைக்கும் வழக்கம் சைவத்துக்குள்ளேயே ஆழமாக உண்டு. சாஞ்சிச் சிற்பிகளுக்கும் பெருந்துறை அடியார்களுக்கும் நடுவே பல நூற்றாண்டு இடைவெளி. இரண்டு பேருக்கும் இருந்த சிக்கல் ஒன்றுதான்: போய்விட்ட ஆசிரியரை எப்படிக் காட்டுவது? ஆள் இருந்த தடயத்தைக் காட்டலாம். விடை ஒன்றாக இருப்பதற்கு ஒருவர் மற்றவரிடம் கடன் வாங்கியிருக்க வேண்டிய அவசியமில்லை. காலி இடத்தைப் பார்த்ததும் எதையாவது கொண்டுவந்து நிரப்பிவிடத் துடிக்கும் நம் கை, வரலாற்றிலும் சும்மா இருப்பதில்லை.

சிதம்பரத்திலும் வெட்டவெளிதான். ஆனால் அங்கே திரை உண்டு, திரையை விலக்கினால் தொங்கும் தங்க வில்வ மாலை உண்டு, ரகசியம் என்ற பெயரும் உண்டு. ஆவுடையார்கோயிலில் ரகசியம் என்று ஒன்று இல்லை. எது இல்லையோ அது எல்லோர் கண்முன்னாலும் இல்லாமல் இருக்கிறது.

உள்ளே இப்படி விட்டவர்கள் வெளியே கல்லைச் சும்மா விடவில்லை. மண்டபத்துக் கொடுங்கைகளைப் பார்த்தால் மரச்சட்டமும் கம்பியும் ஆணியும் வைத்துக் கட்டியது போலிருக்கும், எல்லாம் கல். ஆவுடையார்கோயில் கொடுங்கையும் திருவலஞ்சுழிப் பலகணியும் தவிர வேறு எதையும் செய்து தருகிறோம் என்று சிற்பிகள் ஒப்பந்தம் எழுதுவார்கள் என ஒரு சொல்வழக்கு உண்டு. கல்லை எதுவாகவும் மாற்றத் தெரிந்தவர்களுக்கு ஒரு பாணம் செய்வது பெரிய வேலையா என்ன?

திருவிழாவில் ஒரு சிக்கல் வருகிறது. உருவமே இல்லாத சுவாமியை எப்படி வீதிக்கு எடுத்துப்போவது? அதனால் இந்த ஊரில் உற்சவர் மாணிக்கவாசகர். ஆனியிலும் மார்கழித் திருவாதிரையிலும் வாகனமேறி வீதி வலம் வருவது அவர்தான். நின்று கும்பிடுகிற சனம் பார்ப்பது, பின்னால் விடப்பட்ட அந்த அடியாரைத்தான்.