டிவிஏ என்றால் என்ன? 'லோகி' தொடரின் காலக் காவல் அலுவலகம் யாரைக் காப்பாற்றியது?

'அவெஞ்சர்ஸ்: எண்ட்கேம்' (2019) பார்த்தவர்களுக்கு ஒரு சந்தேகம் இருந்திருக்கும். ஹீரோக்கள் கூட்டமாகக் கடந்த காலத்துக்குப் போய், இன்ஃபினிட்டி கற்களை எடுத்துக்கொண்டு வருகிறார்கள். அவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதே களேபரத்தில் 2012 நியூயார்க்கில் டெஸராக்டைத் தூக்கிக்கொண்டு மறைந்த லோகியை மட்டும், அடுத்த சில நிமிடங்களில் கழுத்துப் பட்டை மாட்டி அழைத்துப் போய்விட்டார்கள். அழைத்துப் போனது டிவிஏ. முழுப்பெயர் 'டைம் வேரியன்ஸ் அத்தாரிட்டி'.

(ஸ்பாய்லர் எச்சரிக்கை: 'லோகி' தொடரின் இரண்டு சீசன் முடிவுகளும் கீழே வருகின்றன.)

டிவிஏவின் வேலை என்ன?

மார்வெல் கதைகளில் காலப் பயணத்தைக் கண்காணிக்கும் அமைப்பு இது. 'புனித காலக்கோடு' என்று ஒன்று உண்டு, எல்லாமே அதன்படிதான் நடக்க வேண்டும் என்பது இவர்களின் சட்டம். அதிலிருந்து விலகுபவர் 'வேரியன்ட்'. பெரிய குற்றம் எதுவும் செய்திருக்க வேண்டும் என்றில்லை. ஆபீஸுக்கு லேட்டாகப் போனாலும் போதும், கோடு கிளை விட்டுவிடலாம்.

கிளை விட்டால் வீரர்கள் வருவார்கள். ஆளைப் பிடித்துக்கொண்டு, அந்தக் கிளையை ஒரு கருவி வைத்து அழித்துவிடுவார்கள். கிளை என்றால் அதில் ஊர்கள் இருக்கும், குடும்பங்கள் இருக்கும். அவர்கள் என்ன ஆவார்கள் என்று டிவிஏவில் ரொம்ப காலம் யாரும் கேட்கவே இல்லை.

ஏன் இவ்வளவு ஃபைல்?

காலத்தையே ஆளும் அமைப்பு என்றால் பளபளவென்று இருக்கும் என்று நினைப்போம். இதுவோ பழைய அரசு அலுவலகம் மாதிரி. உள்ளே நுழைந்ததும் டோக்கன் எடுக்க வேண்டும். டோக்கன் இல்லை என்று வாதாடிய ஒருவரை வரிசையிலேயே முடித்துவிடுகிறார்கள். லோகி வாழ்நாளில் பேசிய ஒவ்வொரு வார்த்தையையும் அச்சடித்துக் கட்டாக வைத்து, சரிபார்த்துக் கையெழுத்துப் போடச் சொல்கிறார்கள்.

மந்திரம் இங்கே வேலை செய்யாது. பல படங்களாக பிரபஞ்சமே அடித்துக்கொண்ட இன்ஃபினிட்டி கற்கள், ஒரு ஊழியரின் மேஜை டிராயரில் கிடக்கின்றன. சிலர் அதை பேப்பர் வெயிட்டாகப் பயன்படுத்துகிறார்களாம்! லோகியின் திமிர் உடைந்த இடம் இதுதான்.

காமிக்ஸில் எப்போது வந்தது?

1986-ல், 'தோர்' காமிக்ஸின் 372-வது இதழில். எழுதியவர் வால்டர் சைமன்சன், வரைந்தவர் சால் புஸ்ஸெமா. மோபியஸ் என்ற அதிகாரி 1991-ல் 'ஃபென்டாஸ்டிக் ஃபோர்' இதழில் வந்தார். அவருடைய முகம் மார்வெலின் எடிட்டர் மார்க் க்ரூன்வால்டின் முகம். எந்தக் கதை எந்தக் கதையோடு முரண்படுகிறது என்று விரல் நுனியில் வைத்திருந்தவர் அவர். கதைகளின் காலக்கோட்டை நிஜமாகவே காவல் காத்தவரை, சக எழுத்தாளர்கள் செல்லமாகக் கலாய்த்தார்கள். 2021-ல் வெளியான தொடரில் அந்த வேடத்துக்கு வந்த ஓவன் வில்சனுக்கும் மீசை இருப்பது சும்மா இல்லை.

சட்டம் போட்டது யார்?

'காலக் காவலர்கள்' என்ற மூன்று பேர் டிவிஏவை உருவாக்கினார்கள், ஊழியர்களையும் அவர்களே படைத்தார்கள் என்றுதான் அங்கே சொல்லிக்கொடுக்கப்படுகிறது. ஆனால் அந்த மூன்று பேரும் இயந்திர பொம்மைகள். ஊழியர்களோ ஒரு காலத்தில் எங்கோ வாழ்ந்தவர்கள். பிடித்து வந்து, நினைவை அழித்து, சீருடை மாட்டியிருக்கிறார்கள். அதாவது, வேரியன்ட்களை வேட்டையாடியவர்கள் எல்லோருமே வேரியன்ட்கள்.

பின்னால் இருந்தது ஒரே ஆள். 'எஞ்சியிருப்பவன்' என்று அழைக்கப்படும் 31-ம் நூற்றாண்டு விஞ்ஞானி. வேறு பிரபஞ்சங்களில் இருந்த அவருடைய நகல்கள் தொடங்கிய போரை அவரே முடித்துவைத்தார். இன்னொரு நகல் பிறக்கவே கூடாது என்று மற்ற கிளைகளை வெட்டச் சொன்னார். அவெஞ்சர்ஸ் தப்பித்த ரகசியமும் இங்கேதான் இருக்கிறது. அவர்கள் செய்தது 'நடக்க வேண்டியது' என்று விசாரணையில் நீதிபதி ரென்ஸ்லேயர் லோகியிடம் சொல்கிறார். எது நடக்க வேண்டியது என்று எழுதியவரோ திரைக்குப் பின்னால் இருந்தார். குழந்தையாக இருக்கும்போதே அஸ்கார்டிலிருந்து பிடித்துவரப்பட்ட சில்வி, கடைசியில் அவரைக் கொல்கிறாள். கிளைகள் கட்டுக்கடங்காமல் பெருகுகின்றன.

அவர் சொன்ன காரணம் முழுப் பொய்யும் இல்லை, போர் நிஜம்தான். அதனால்தான் இரண்டாம் சீசன் கனமாக இருக்கிறது. உண்மை தெரிந்த பிறகும் ஒரு பிரிவு குண்டு வைத்துக் கிளைகளை அழிக்கிறது. திரையில் கோடுகள் ஒவ்வொன்றாக அணைவதைப் பார்த்து பி-15 என்ற அதிகாரி உடைந்து போகிறார். அவருக்கு இப்போது அவை கோடுகள் இல்லை, மனிதர்கள். காலத்தைச் சீராக்கும் தறி இயந்திரமும் அதே சட்டத்தின் இன்னொரு வடிவம்தான். பாரம் தாங்காவிட்டால் புனிதக் கோட்டை மட்டும் விட்டுவிட்டு மற்றதை எல்லாம் அது அழித்துவிடும். 2023 நவம்பரில் வந்த கடைசி எபிசோடில் லோகி அந்தத் தறியை உடைத்து, அறுந்த கிளைகளைத் தன் கையாலேயே பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார்.

இப்போது டிவிஏ என்ன செய்கிறது?

கிளைகளை வெட்டுவதில்லை. அந்த விஞ்ஞானியின் நகல்கள் எங்கே தலைகாட்டுகிறார்கள் என்று கவனிக்கிறது. பழைய பழக்கம் எல்லோருக்கும் போய்விடவில்லை என்பதை 2024-ல் வந்த 'டெட்பூல் & வுல்வரின்' காட்டியது. மெதுவாக அழிந்துகொண்டிருக்கும் ஒரு பிரபஞ்சத்தை, காத்திருக்கப் பொறுமை இல்லாமல் சீக்கிரம் முடித்துவிடப் பார்க்கிறார் பாரடாக்ஸ் என்ற அதிகாரி.

மோபியஸ் வேலையை விட்டுவிட்டார். அவரிடமிருந்து பறிக்கப்பட்ட வாழ்க்கையில் ஒரு வீடும் இரண்டு பையன்களும் இருந்தார்கள். அங்கே இப்போது அதே முகத்தோடு இன்னொருவர் அப்பாவாக இருக்கிறார். தெருவில் நின்று தூரத்திலிருந்து அவர்களைப் பார்க்கிறார் மோபியஸ். உள்ளே போகவில்லை.