அரக்கில் ஒட்டிய கால்கள்

மழை விட்ட இரவில் திருவனந்தபுரத்தில் டியூப் லைட்டைப் போட்டால் போதும், ஈசல் வீடு முழுக்க நிறைந்துவிடும். வெளிச்சம் ஆகாத பூச்சிகளும் உண்டு. ஈசாப் கதை திரையில் நடமாடியதற்கு அப்படிப்பட்ட ஒரு வண்டைத்தான் நான் காரணம் சொல்வேன்.

1910. ரஷ்யப் பேரரசின் கீழிருந்த லித்துவேனியாவில் கௌனஸ் நகரம். அங்கே இயற்கை அருங்காட்சியகத்தைக் கவனித்துவந்த விளாதிஸ்லாவ் ஸ்தாரெவிச்சுக்கு, கொம்பு வண்டுகள் மல்லுக்கட்டுவதைப் படம்பிடிக்க ஆசை. அவை இரவில் திரியும் பிராணிகள். படப்பிடிப்பு விளக்கு எரிந்ததுமே சுருண்டுவிட்டன, செத்தும் போயின. பிரான்சின் எமில் கோல் எடுத்த தீக்குச்சிப் படத்தை ஸ்தாரெவிச் ஏற்கெனவே பார்த்திருந்தார். குச்சி நடக்குமென்றால் செத்த வண்டு நடக்காதா? கால்களைக் கழற்றி, கம்பியும் அரக்கும் வைத்து உடம்போடு மறுபடி சேர்த்தார். மயிரிழை நகர்த்துவார், ஒரு படம் எடுப்பார், மறுபடி நகர்த்துவார். சில நொடி ஓட்டத்துக்கு ஒரு நாள் பொழுது போய்விடும்.

பிறகு மாஸ்கோவில் கதைக்கு வந்தார்: எறும்பு வீடு கட்டுகிறது, தட்டான் பிடில் வாசிக்கிறது. ஈசாப்பின் கிரேக்கத்தில் அது சில்வண்டு. ரஷ்யக் கவிஞர் கிரிலோவிடம் தட்டானாயிற்று, நம் பள்ளிப் புத்தகத்தில் வெட்டுக்கிளி. ஊருக்கு ஊர் பூச்சி மாறினாலும், கதை முடிவில் வரும் பட்டினி மட்டும் மாறவில்லை! அவர் படங்களைப் பார்த்தவர்களில் சிலர், உயிருள்ள பூச்சிகளைப் பழக்கியிருக்கிறார் என்றே நம்பினார்கள்.

ரஷ்யப் புரட்சிக்குப் பின் பிரான்சுக்குக் குடிபெயர்ந்தவர், 1922-ல் எடுத்தது ராஜா வேண்டுமென்று கேட்ட தவளைகளின் கதை. ஜார் மன்னன் போன நாட்டிலிருந்து வந்தவர் அதைத் தேர்ந்தெடுத்தது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை.

நியூயார்க்கில் பால் டெர்ரி 1921-ல் பொன் முட்டையிட்ட வாத்தில் தொடங்கி, வாரத்துக்கு ஒன்றாக ஈசாப் கார்ட்டூன்களை வெளியிட்டார். முடிவில் வரும் நீதிக்கும் கதைக்கும் பெரும்பாலும் சம்பந்தமே இராது. சிரிப்பு அதில்தான்.

பஞ்சதந்திரம் பிறந்த மண்ணில் 1915-ல் அசைவூட்டப் படமெடுத்த தாதாசாகேப் பால்கேயின் கைக்கு வந்தது நரியோ காக்கையோ அல்ல, அதே தீக்குச்சி. திருவனந்தபுரம் டெக்னோபார்க்கில் டூன்ஸ் அனிமேஷன் நிறுவனம் 1999-ல்தான் வந்தது. அங்கே உருவான தெனாலிராமன் தொலைக்காட்சியில் ஓடி ஆடினான். அவன் கால்களுக்கு அரக்கு தேவைப்படவில்லை.