அரச சேவையும் மொழித் தகைமையும்: கோடீஸ்வரன் வழக்குப் பற்றிய ஒரு நோக்கு

அரச சேவையில் ஒருவர் நுழைவதற்கும் நிலைப்பதற்கும் வேண்டிய தகைமை யாது என்பது வெறும் நிருவாக வினா அன்று. பெருந்தோட்டப் பொருளாதாரத்தின் மீது எழுப்பப்பட்ட குடியேற்ற இலங்கையிலே கைத்தொழில் வளர்ச்சி குன்றியிருந்தமையால், ஆங்கிலங் கற்ற மத்தியதர வர்க்கத்துக்கு அரச உத்தியோகமே பிரதான பிழைப்பாயிற்று. யாழ்ப்பாணக் குடாநாட்டைப் பொறுத்தவரை இது மேலும் உண்மையாகும். எனவே, தகைமையின் வரைவிலக்கணம் மாறியபோது ஒரு சமூகப் பிரிவின் வாழ்வே கேள்விக்குறியாயிற்று.

1956 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்க அரச கரும மொழிச் சட்டம் சிங்களத்தை ஒரே அரச கரும மொழியாக்கியது. முழு நடைமுறைக்கான இடைக்காலம் 1960 டிசெம்பர் 31 உடன் முடிவுற்றது. 1961 டிசெம்பர் 4 ஆந் திகதிய 560 ஆம் இலக்கத் திறைசேரிச் சுற்றறிக்கை, சிங்களத் தேர்ச்சி பெறாத உத்தியோகத்தரின் சம்பள ஏற்றத்தை நிறுத்தியது. இவ்வாறு 1962 இல் தமது ஏற்றத்தை இழந்த தமிழ் எழுதுவினைஞரான கோடீஸ்வரன், சட்டமா அதிபருக்கெதிராகக் கொழும்பு மாவட்ட நீதிமன்றில் வழக்குத் தொடர்ந்தார். கோரப்பட்ட தொகை சிறிது; எழுப்பப்பட்ட வினாவோ பெரிது.

சோல்பரி யாப்பின் 29 ஆம் பிரிவு, ஏனைய சமூகத்தினருக்கு இல்லாத இயலாமையை ஒரு சமூகத்தினர்மீது சுமத்தும் சட்டங்களைத் தடைசெய்தது. தேர்வு எல்லோருக்கும் பொதுவானதாகத் தோன்றலாம். ஆயினும் ஒருவருக்குத் தாய்மொழியாக அமைந்ததை மற்றவர் நடுவயதிலே கற்றுத் தேறவேண்டுமெனின், வடிவிலுள்ள சமத்துவம் உள்ளடக்கத்தில் இல்லையென்பது வெளிப்படை. 1964 இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர், மொழிச் சட்டம் 29 ஆம் பிரிவுக்கு முரணானதெனத் தீர்ப்பளித்தார்.

அரசு மேன்முறையீடு செய்தது. 1967 இல் உயர் நீதிமன்றம் மொழிப் பிரச்சினையைத் தீர்மானிக்கவில்லை. அரச ஊழியர் தமது சம்பளத்துக்காக முடிக்கெதிராக வழக்கிட முடியாதென்ற காரணத்தாலேயே தீர்ப்பு மாற்றப்பட்டது. 1969 டிசெம்பரில் கோமறைக் கழகம் இதனை நிராகரித்தது. இலங்கைச் சட்டத்தின்படி அரச ஊழியருக்கு அவ்வுரிமை உண்டெனக் கூறி, அரசியல் யாப்புப் பற்றிய வினாவை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பியனுப்பியது.

அவ்வினாவுக்கு இறுதி விடை ஒருபோதும் கிடைக்கவில்லை. 1971 இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22 இல் நடைமுறைக்கு வந்த குடியரசு யாப்பு சிங்களத்தின் நிலையை யாப்புக்குள்ளேயே பதித்தது. 29 ஆம் பிரிவு மறைந்தது. நிறைவேறிய சட்டத்தை நீதிமன்றம் செல்லாததாக்கும் அதிகாரமும் நீக்கப்பட்டது. அந்நியப் பிரபுக்களின் நீதிமன்றிலிருந்து விடுபடுதல் முற்போக்கான செயலே. ஆயினும் அதே கையசைவில் சிறுபான்மையோரின் காப்பும் அகற்றப்பட்டமையை நாம் எவ்வாறு முற்போக்கெனக் கொள்வது? 1956 இல் ஒருமொழிக் கொள்கை நாட்டைப் பிளக்குமென எச்சரித்த கலாநிதி கொல்வின் ஆர். டி சில்வாவே இந்த யாப்புக்குப் பொறுப்பான அமைச்சராக இருந்தாரென்பது எமது இடதுசாரி இயக்கத்தின் வரலாற்று அவலங்களில் ஒன்றாகும்.

அதேவேளை, 29 ஆம் பிரிவை இலட்சியமயமாக்குதலும் தவறாகும். குடியுரிமைச் சட்டங்களால் மலையகத் தமிழ்த் தொழிலாளர் வாக்குரிமை இழந்தபோது அப்பிரிவு அவர்களைக் காக்கவில்லை. 1953 இல் கொடாகன்பிள்ளை வழக்கில் அதே கோமறைக் கழகம் அச்சட்டங்களைச் செல்லுபடியானவை என்றது. சொல்லளவில் எவரையும் பெயர் குறியாத சட்டம் பாரபட்சமற்றதென்ற வாதம் தோட்டத் தொழிலாளருக்கெதிராக வெற்றிபெற்றமையை, எழுதுவினைஞரின் துயரைப் பேசுவோர் மறத்தலாகாது.

1978 யாப்பின் 12(2) ஆம் உறுப்புரை மொழிவழிப் பாரபட்சத்தைத் தடைசெய்தது. ஆயினும் பதவிக்குத் தேவையான மொழியறிவை நியாயமான காலத்துள் பெறும்படி கோருதலை அதுவே அனுமதித்தது. 126 ஆம் உறுப்புரையின்படி, நிறைவேற்றுத்துறைச் செயலுக்கெதிராக ஒரு மாதத்துள் உயர் நீதிமன்றை நாடலாம். நிறைவேறிய சட்டத்தைக் கேள்விக்குட்படுத்தல் இயலாது. 1987 இல் பதின்மூன்றாந் திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. கோடீஸ்வரன் வழக்குத் தொடர்ந்து கால் நூற்றாண்டு கழிந்த பின்னரே, அதுவும் நாடு குருதியில் தோய்ந்த பின்னரே, அது நிகழ்ந்தது.

இவ்வழக்கின் பெறுபேறு முரண்பாடானது. முடிமீது வழக்கிடும் உரிமையை அது சிங்கள, தமிழ், முஸ்லிம் ஊழியர் யாவருக்கும் ஈட்டிக்கொடுத்தது. எந்த அநீதிக்காக அது தொடரப்பட்டதோ அந்த அநீதியோ நீதிமன்றிற்கு வெளியே, யாப்பின் மாற்றத்தினால் நிலைநிறுத்தப்பட்டது. வர்க்க அடிப்படையிலே சகல ஊழியரும் பெற்ற பொது உரிமையை, இன அடிப்படையிலே மறுக்கப்பட்ட உரிமைக்கான ஐக்கியப் போராட்டமாக வளர்க்கத் தொழிற்சங்க இயக்கம் தவறியது. நீதிமன்றம் விடையளிக்காத வினாவுக்கு மக்கள் இயக்கமே விடையளித்திருக்கவேண்டும் என்பதே இவ்வழக்கிலிருந்து நாம் பெறும் படிப்பினையாகும்.