திகம்பர சாமியார்: சேலத்தில் எம்.என். நம்பியார்

எம்.என். நம்பியார் (மார்ச் 7, 1919 – நவம்பர் 19, 2008) தமிழ்த் திரையுலகின் குணச்சித்திர, எதிர்நாயக நடிகர். வில்லனாகவே நினைவுகூரப்படும் இவர், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் 1950-ல் வெளியிட்ட ‘திகம்பர சாமியார்’ படத்தில் கதைநாயகனாக நடித்தார்.

மலபார்ப் பகுதியில் பிறந்த நம்பியார், சிறுவயதிலேயே நவாப் ராஜமாணிக்கத்தின் நாடகக் குழுவில் சேர்ந்தார். அக்குழுவினர் நடித்த ‘பக்த ராமதாஸ்’ (1935) இவரது முதல் படம். பாய்ஸ் கம்பெனிகளில் பெண் வேடம் உட்பட எல்லா வேடங்களையும் சிறுவர்களே கட்டினர். குரலையும் நடையையும் மாற்றிக்கொள்வது அங்கே அடிப்படைப் பாடம். 1947-ல் வந்த ‘ராஜகுமாரி’யில் எம்.ஜி.ஆர். நாயகன், நம்பியாருக்கு நகைச்சுவை வேடம்.

மாடர்ன் தியேட்டர்ஸை 1935-ல் தொடங்கியவர் திருச்செங்கோட்டைச் சேர்ந்த டி.ஆர். சுந்தரம். இங்கிலாந்தில் நெசவுத் தொழில்நுட்பம் பயின்றவர். ஏற்காடு சாலையில் இருந்த அந்த வளாகம் சென்னையைச் சாராமல் இயங்கியது. கலைஞர்கள் பலர் மாதச் சம்பளத்தில் பணியாற்றினர். நட்சத்திரங்களைக் காட்டிலும் கதையையும் திட்டமிடலையும் சுந்தரம் நம்பினார். துணை நடிகர் ஒருவரைத் தலைப்பு வேடத்துக்கு அவர் தேர்ந்தெடுத்ததை இந்தப் பின்னணியில்தான் புரிந்துகொள்ள முடியும்.

வடுவூர் கே. துரைசாமி ஐயங்காரின் துப்பறியும் நாவலைத் தழுவிய படம் இது. வஞ்சகர்களை அம்பலப்படுத்தும் சாமியார் பத்துக்கும் மேற்பட்ட மாறுவேடங்களில் வருகிறார். இவை தனித்தனிப் பாத்திரங்கள் அல்ல. ஒரே பாத்திரம் பூணும் வேடங்கள். எனவே ‘இரட்டை வேட’ ஒளிப்பதிவு உத்திகளுக்கு இங்கே வேலையில்லை. ஒப்பனையும் உடல்மொழியுமே படத்தைத் தாங்கின. பார்த்ததும் அடையாளம் தெரியவேண்டிய நட்சத்திர முகத்துக்கு இந்த வேடம் பொருந்தியிராது.

அதே ஆண்டில் அதே நிறுவனம் வெளியிட்ட ‘மந்திரி குமாரி’யில், எஸ்.ஏ. நடராஜன் நடித்த பார்த்திபனின் தந்தையான சூழ்ச்சிக்கார ராஜகுரு நம்பியார்தான். அப்போது அவருக்கு வயது 31. தந்தை வேடமும் நாயக வேடமும் ஒரே ஆண்டில் ஒரே நிறுவனத்தில் கிடைப்பது துணை நடிகருக்கே வாய்க்கும் விசித்திரம்.

‘கல்யாணி’ (1952) போன்ற சில படங்களுக்குப் பின் நாயக வாய்ப்புகள் தொடரவில்லை. மக்கள் மனதில் தங்கியவை வேடங்களே, அவரது சொந்த முகம் அல்ல என்பது ஒரு காரணமாகலாம். 1951-ல் வந்த ‘சர்வாதிகாரி’யிலேயே அவர் எம்.ஜி.ஆருக்கு எதிராக வாளேந்தும் வில்லனாகியிருந்தார். ‘எங்க வீட்டுப் பிள்ளை’ (1965) வரையிலும் அதன் பின்னரும் அந்த மோதல் நீண்டது. பாக்யராஜின் ‘தூறல் நின்னு போச்சு’ (1982) அவரை மீண்டும் நல்லவராகக் காட்டியபோது அவருக்கு வயது 60-ஐக் கடந்திருந்தது.