மிதிவண்டியா? மோட்டார் சைக்கிளா? - ஒரு எண்ணின் வரலாறு

ஒருவர் எலக்ட்ரிக் சைக்கிளில் போய்க்கொண்டிருக்கிறார். கார் மோதிவிடுகிறது. கை எலும்பு முறிந்து அமெரிக்காவில் ஒரு மருத்துவமனையில் சேர்க்கப்படுகிறார். வைத்தியம் முடிந்ததும் அவருடைய கோப்பில் இரண்டு வகை எண்கள் ஏறும். எந்த எலும்பு, வலதா இடதா, எப்படி முறிந்தது என்று சொல்ல ஒன்று. எதனால் முறிந்தது என்று சொல்ல இன்னொன்று. முதல் எண்ணில் பெரிய குழப்பம் இல்லை. வம்பு எல்லாம் இரண்டாவதில்தான். அவர் மிதிவண்டிக்காரரா, மோட்டார் சைக்கிள்காரரா?

இதில் என்ன இருக்கிறது, ஏதோ ஒன்றைப் போட்டுவிட்டுப் போகலாமே என்று தோன்றும். ஆனால் இந்த எண்களைக் கூட்டித்தான் எந்த வண்டியில் எத்தனை பேர் அடிபட்டார்கள் என்ற கணக்கு வருகிறது. ஹெல்மெட் சட்டம் வேண்டுமா, ஓட்டுபவருக்கு வயது வரம்பு வேண்டுமா, சைக்கிள் பாதையில் இந்த வண்டியை விடலாமா என்ற சண்டைகள் எல்லாம் அந்தக் கணக்கை வைத்துத்தான் நடக்கின்றன. கணக்கில் ஏறாத காயத்துக்காக யாரும் சட்டம் போடுவதில்லை.

இந்தக் கணக்கு வழக்கம் மிகப் பழையது. லண்டன் நகரில் வாராவாரம் யார் எதனால் இறந்தார்கள் என்ற பட்டியலை அச்சிட்டு வந்தார்கள். 1662-ல் ஜான் கிராண்ட் என்ற துணி வியாபாரி (டாக்டர் அல்ல!) அவற்றைச் சேர்த்து வைத்து ஆராய்ந்து ஒரு புத்தகம் போட்டார். அதில் விபத்துச் சாவுகளில் பலவற்றை 'பலவகை விபத்துகள்' என்று ஒரே வரியில் அடைத்துவிட்டார்கள். 19-ம் நூற்றாண்டில் வில்லியம் ஃபார் இங்கிலாந்தில் இதை ஒழுங்குபடுத்தப் பாடுபட்டார். 1893-ல் பாரிஸ் நகரத்துப் புள்ளியியலாளர் ஜாக் பெர்டியோன் சிகாகோவில் கூடிய மாநாட்டில் ஒரு சர்வதேசப் பட்டியலைக் கொடுத்தார். (குற்றவாளிகளின் உடலை அளந்து அடையாளம் காணும் முறையைக் கண்டுபிடித்த அல்போன்ஸ் பெர்டியோன் இவருடைய தம்பி. அண்ணன் தம்பி இரண்டு பேருக்கும் வகை பிரிப்பதே வேலை!) 1948-ல் அந்தப் பட்டியல் உலக சுகாதார நிறுவனத்தின் கைக்கு வந்தது. ஐசிடி என்று இன்று எல்லோரும் சொல்வது இதைத்தான். அந்த ஆறாவது திருத்தத்தில்தான் காயத்தின் தன்மைக்கு ஒரு வரிசை, காயத்தின் காரணத்துக்குத் தனி வரிசை என்று பிரித்தார்கள்.

பத்தாவது திருத்தத்தில் சாலை விபத்துக்கு வைத்த முறை உண்மையிலேயே அழகானது. 'வி' என்ற எழுத்துக்குப் பிறகு வரும் முதல் இலக்கம், அடிபட்டவர் யார் என்று சொல்லும். 0 என்றால் நடந்து போனவர், 1 என்றால் மிதிவண்டிக்காரர், 2 என்றால் மோட்டார் சைக்கிள்காரர், 4 என்றால் காரில் இருந்தவர். அடுத்த இலக்கம் எதனோடு மோதல் என்று சொல்லும். 3 என்றால் கார். ஆகவே வி13 என்றால் மிதிவண்டியும் காரும் மோதியது. வி23 என்றால் மோட்டார் சைக்கிளும் காரும்.

அமெரிக்கா இந்தப் பத்தாவது திருத்தத்தை விரிவாக்கி 2015 அக்டோபர் 1 முதல் தன் மருத்துவமனைகளில் கொண்டுவந்தது. சுமார் 14,000 ஆக இருந்த நோய்க் குறியீடுகள் ஏறத்தாழ 70,000 ஆயின. பத்திரிகைகள் கேலி செய்து தீர்த்தன. மக்காவ் கிளி தாக்கியதற்கு ஒரு எண், தீப்பிடித்த நீர்ச்சறுக்குப் பலகையால் சுட்டதற்கு ஒரு எண், விமான எஞ்சினுக்குள் இழுக்கப்பட்டதற்கு ஒரு எண்! ஆனால் இவ்வளவுக்கும் நடுவில் எலக்ட்ரிக் சைக்கிளுக்கு என்று ஒரு எண் கிடையாது.

அப்போது அது ஒன்றும் புதிய பொருள் அல்ல. ஆக்டன் போல்டன் என்ற அமெரிக்கர் 1895-லேயே எலக்ட்ரிக் சைக்கிளுக்குக் காப்புரிமை வாங்கிவிட்டார். 1993-ல் யமஹா, மிதிக்கும்போது மோட்டாரும் சேர்ந்து உதவும் சைக்கிளை ஜப்பானில் விற்கத் தொடங்கியது. 2000-க்குப் பிறகு சீனாவில் தெருவெல்லாம் அதுதான்.

எண் இல்லாததால் என்ன ஆனது? அமெரிக்கக் குறியீட்டுப் புத்தகத்தின்படி மிதிவண்டி என்றால் மோட்டார் இல்லாத பெடலால் மட்டுமே ஓடுவது. மோட்டார் பொருத்திய மிதிவண்டி, மோபெட்டோடு சேர்ந்து மோட்டார் சைக்கிள் வரிசையில் போகும். ஆனால் 2002-ல் அமெரிக்க நாடாளுமன்றம் போட்ட சட்டம் வேறு மாதிரிச் சொல்கிறது. ஓட்டக்கூடிய பெடல் இருந்து, மோட்டார் 750 வாட்டுக்குக் குறைவாக, மோட்டாரால் மட்டும் ஓடும் வேகம் மணிக்கு 20 மைலுக்குக் குறைவாக இருந்தால், அது மோட்டார் வாகனமே அல்ல, சைக்கிள் போல ஒரு நுகர்பொருள்! ஆக ஒரே வண்டி சட்டப் புத்தகத்தில் சைக்கிள், ஆஸ்பத்திரிப் புத்தகத்தில் மோட்டார் சைக்கிள். நடைமுறையில் சிலர் வி13-லும் சிலர் வி23-லும் போய்ச் சேர்ந்தார்கள்.

இதனால் ஆராய்ச்சியாளர்கள் வேறு வழியைத் தேட வேண்டியிருந்தது. அமெரிக்க நுகர்பொருள் பாதுகாப்பு ஆணையம் சுமார் 100 மருத்துவமனைகளின் அவசரப் பிரிவுகளிலிருந்து, எந்தப் பொருளால் காயம் என்ற விவரத்தைத் தனியாகச் சேகரிக்கிறது. அதில் 2000 முதல் 2017 வரையிலான பதிவுகளை அலசிய ஓர் ஆய்வு, சாதாரண சைக்கிளோடு ஒப்பிட்டால் எலக்ட்ரிக் சைக்கிளில் அடிபட்டவர்களுக்கு உள்காயம் அதிகம், நடந்து போகிறவர்மேல் மோதுவதும் அதிகம் என்று கண்டது. மருத்துவமனைகளின் சொந்தக் குறியீடுகளில் இது தெரிந்திருக்க வழியே இல்லை.

கடைசியில் 2022 அக்டோபர் 1-ல் எண் வந்தது. வந்த இடம்தான் வேடிக்கை. மோட்டார் சைக்கிள் வரிசையான வி20 முதல் வி29 வரை ஒவ்வொன்றையும் இரண்டாகப் பிளந்து, ஒன்றை எலக்ட்ரிக் சைக்கிளுக்கும் மற்றதை 'ஏனைய மோட்டார் சைக்கிளுக்கும்' கொடுத்தார்கள். முதலில் பார்த்த அந்த கை முறிந்தவருக்கு இப்போது வி23.41எக்ஸ்ஏ. கடைசியில் உள்ள 'ஏ', காயத்துக்கான சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறது என்பதற்கு. நடுவில் உள்ள 'எக்ஸ்' இடத்தை நிரப்ப மட்டும். இதைவிட வேடிக்கை, 2020-ல் நின்றுகொண்டு ஓட்டும் எலக்ட்ரிக் ஸ்கூட்டருக்கு எண் கொடுத்தபோது அதை ஓட்டுபவரைப் பாதசாரி வரிசையில் வைத்துவிட்டார்கள்! ஸ்கூட்டரில் பறப்பவர் பாதசாரி, பெடல் மிதிப்பவர் மோட்டார் சைக்கிள்காரர்.

எண் வந்துவிட்டால் மட்டும் கணக்கு சரியாகிவிடாது. காரணத்தைச் சொல்லும் எண்ணைப் போட்டே ஆகவேண்டும் என்று அமெரிக்கா முழுவதற்குமான கட்டாயம் இல்லை. சில மாநிலங்களும் சில காப்பீட்டு நிறுவனங்களும் கேட்டால் உண்டு. போடுகிற கோடரும் டாக்டர் எழுதியதைத்தான் நம்பவேண்டும், ஊகிக்கக்கூடாது. டாக்டர் அவசரத்தில் வெறும் 'பைக்' என்று எழுதிவிட்டால் போச்சு. அமெரிக்காவில் அந்தச் சொல் பெரும்பாலும் மிதிவண்டியைக் குறிக்கும். அந்தக் கோப்புகளில் பல சென்னை அலுவலகங்களுக்கு வருகின்றன. நம்மூரில் பைக் என்றால் என்ன என்று சொல்ல வேண்டியதில்லை!

புதிய எண் பழைய கோப்புகளுக்குப் பொருந்தாது. 2022 அக்டோபருக்கு முன்னால் அடிபட்டவர்கள் யாராவது வி13-லோ வி23-லோ போட்டிருந்தால், அங்கேயே இருக்கிறார்கள்.